தொங்கவிட வேண்டிய நுனி

ஞாயிற்றுக்கிழமை சாப்பாடு முடிந்து தட்டுகளை எடுப்பதற்குள் சின்னவளின் மகள் ஆரம்பித்துவிட்டாள். "பாட்டி, அம்மா காணாமப் போன கதை!"

"எத்தனை தடவைடி சொல்றது?" என்றாள், பெரியவளுக்கும் சின்னவளுக்கும் அம்மா. சொல்லாமல் விடமாட்டாள் என்பது மேசையைச் சுற்றி இருந்த எல்லாருக்கும் தெரியும். கையைத் துடைத்துக்கொண்டு நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளி வசதியாக உட்கார்ந்தாள்.

பெரியவள் தண்ணீர் ஜாடியைத் தூக்கிக்கொண்டு எழுந்தாள். ஜாடி முக்கால்வாசி நிறைந்துதான் இருந்தது.

"உட்காரு பெரிசு. இருக்கிற தண்ணியே போதும்."

உட்கார்ந்தாள். அந்த வீட்டில் அவள் பெரிசு, தங்கை சின்னது. இருவருக்கும் தலையில் நரை எட்டிப் பார்த்த பிறகும் அது மாறவில்லை.

அம்மா சொல்லத் தொடங்கினாள். அப்பாவுக்கு வேறு ஊர் அச்சகத்தில் வேலை கிடைத்து, பெட்டி படுக்கையோடு எல்லாரும் ரயில் நிலையத்தில் நின்ற நாள். சின்னதுக்கு அப்போது நாலு வயது. மஞ்சள் கவுன். இப்போது இருந்தாள், அப்புறம் இல்லை. அம்மா அறிவிப்புச் செய்யும் அறையைத் தேடி ஓடினாள். அப்பா பிளாட்பாரம் பிளாட்பாரமாக ஓடினார்.

"கண்ணாடி போட்டுக்கிட்டு ஓடினா விழுந்து உடைஞ்சிரும்னு கழட்டி வச்சுட்டு ஓடினார் அந்த மனுஷன். பிழை திருத்துற வேலை. கண்ணாடி போனா சோறு போச்சு. ஆனா கண்ணாடி இல்லாம அவருக்கு என்ன தெரியும்? மஞ்சளா எது தெரிஞ்சாலும் தூக்கினார். யாரோ ஒரு அம்மாவோட மஞ்சள் பையை மார்போட அணைச்சு, ‘கண்ணே, பயந்துட்டியா’ன்னு கேட்டாராம்!"

குழந்தை விழுந்து விழுந்து சிரித்தது. எந்த இடத்தில் சிரிக்க வேண்டும் என்று அதற்கு அத்துப்படி.

"ஒத்தைச் செருப்பு எங்கேயோ போச்சு. குரல் கம்மிப் போச்சு. கடைசியில பார்த்தா, உங்கம்மா சாமான் தள்ளுவண்டி மேல மகாராணி மாதிரி உட்கார்ந்து யாரோ குடுத்த பிஸ்கட்டைத் தின்னுக்கிட்டு இருக்கா."

"இன்னும் தின்னு முடிக்கல அத்தை," என்றார் மாப்பிள்ளை. சின்னவள் அவர் தோளில் ஒரு போடு போட்டாள்.

"அவளைத் தூக்கினதும் அந்த மனுஷன் அப்படியே தரையில உட்கார்ந்துட்டார். அழுதார். அவர் இருந்த வரைக்கும் அழுது நான் கேள்விப்பட்டது அந்த ஒரு தடவைதான்." அம்மாவின் குரல் இந்த இடத்தில் எப்போதும் உடையும். சின்னவளின் கண்ணும் கலங்கும். இருபத்தைந்து பேர் கூடிய விசேஷமானாலும் சரி, ஐந்து பேர் சாப்பிடும் ஞாயிற்றுக்கிழமையானாலும் சரி, உடைவதும் கலங்குவதும் தவறாது.

"பெரியம்மா அப்போ எங்கே இருந்தாங்க?" என்று கேட்டது குழந்தை. இதுவரை அது கேட்காத கேள்வி.

"அவ எங்கே போவா? பெட்டிகிட்ட நின்னா."

அவ்வளவுதான். பெரியவளின் பங்கு அந்த ஒரு வரி. அதிலும் அவளைவிடப் பெட்டிக்கே முக்கியத்துவம் அதிகம்.

சின்னவளின் வீடு பெரியது, மாப்பிள்ளை கலகலப்பானவர், பல் மருத்துவமனை வரவேற்பில் அவள் சிரித்தாலே பாதி வலி போய்விடும் என்று ஊரே சொல்லும். அதெல்லாம் பெரியவளை ஒன்றும் செய்ததில்லை. அவளுக்கும் வீடு இருந்தது, லாரி ஓட்டப் போய் வாரத்துக்கு இரண்டு நாள் திரும்பி வந்து வாய் நிறையப் பேசும் நல்ல புருஷன் இருந்தான். அவள் வயிறு எரிந்தது இந்த ஒரு விஷயத்துக்கு மட்டும்தான். தங்கைக்காக அப்பா ஓடினார். தனக்காக அவர் ஓடியதே இல்லை.

ஓட வைத்துப் பார்க்கவும் முயன்றிருக்கிறாள். எட்டு வயதில் ஒருமுறை, சந்தையில், வேண்டுமென்றே மூட்டைகளுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். அப்பா சுற்றும் முற்றும் பார்த்தார். பிறகு கைக்குட்டையை எடுத்துக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு நின்ற இடத்திலேயே நின்றார். "பெரிசுதானே, வந்துரும். அதுக்கு வழி தெரியும்," என்று கடைக்காரரிடம் சொன்னது மூட்டைக்குப் பின்னால் நன்றாகவே கேட்டது. அவளே வெளியே வந்தாள். தும்மல் வேறு.

*

பெரியவளுக்கு அருங்காட்சியகத்தின் துணிப் பிரிவில் வேலை. கட்டடத்தின் அடித்தளத்தில், வெயில் படாத நீள அறை. சுவர் முழுக்கத் தொங்கும் சித்திரத் திரைகள் எங்கிருந்தெல்லாமோ வரும். பூச்சி தின்ற குதிரைக்குக் கால், சாயம் போன ராணிக்குக் கன்னம் என்று அவளும் இன்னும் சிலரும் உட்கார்ந்து நெய்து சேர்ப்பார்கள். நெய்பவர்கள் உட்காருவது திரையின் பின்பக்கம். முன்பக்கம் எப்படி வருகிறது என்று பார்க்க எதிரில் ஒரு நிலைக்கண்ணாடி சாய்ந்திருக்கும். நாள் முழுக்க அவர்கள் காண்பது முடிச்சுகளும் நூல் வால்களும்தான்.

மேற்பார்வை செய்யும் அம்மாளுக்கு நுனி மேடம் என்று பெயர். யார் வைத்ததோ. தினமும் சாயங்காலம் ஒவ்வொரு திரைக்குப் பின்னாலும் வந்து குனிந்து பார்ப்பாள். "இது என்ன வால்? பூனை வளர்க்கிறியா? முடி. நுனியை முடி. தொங்குற நுனி நாளைக்கு முழுத் திரையையும் உருவிடும்." பல வருஷமாகக் கேட்டுக் கேட்டு, இப்போது பெரியவளின் விரல்கள் அவளைக் கேட்காமலேயே முடிச்சுப் போடும். சட்டையில் நூல் தொங்கினால் முடிச்சு, திரைச்சீலையில் தொங்கினால் முடிச்சு. ஒரு தடவை பேச்சு சுவாரசியத்தில் பக்கத்துச் சீட்டுக்காரியின் பின்னல் நுனியைத் தன் சால்வைக் குஞ்சத்தோடு சேர்த்து முடிந்துவிட்டாள்.

வேலைக்கான வளைந்த ஊசிகளை அவள் அப்பாவின் கண்ணாடிக் கூட்டில் வைத்திருந்தாள். கறுப்பு நிறம், ஓரம் தேய்ந்தது. உள்ளே பஞ்சுக்கு அடியில் அப்பாவின் கண்ணாடியும் இருந்தது. அன்றைக்கு ரயில் நிலையத்தில் ஓடுவதற்கு முன் அவர் கழற்றிக் கொடுத்தது அவளிடம்தான். "பெட்டிகிட்ட நில்லு. இதைப் பிடி. அசையாதே." பிற்பாடு அவருக்குப் பவர் கூடிக் கண்ணாடி மாற்றியபோது பழையதை அவளே கேட்டு வாங்கிக்கொண்டாள். கூடு ஊசி வைக்கத் தோதாக இருந்தது. அதற்கு மேல் அதைப் பற்றி அவள் யோசித்ததில்லை.

பழைய சுவடி ஒன்று ஒரு திரையின் உள்துணிக்குள் இருந்து வந்தது. உள்துணியைப் பிரித்தபோது, மெல்லிய தோல் ஏடுகள் சுருட்டி வைத்துத் தைக்கப்பட்டிருந்தன. மேலே அனுப்பினார்கள். ‘சாயத் தொழில் குறிப்புகள், சிதைந்தது’ என்று எழுதி ஒட்டித் திரும்பக் கீழேயே அனுப்பி, அலமாரியில் போட்டுவிட்டார்கள். பெரியவள் அப்போது பழைய எழுத்து படிக்க மாலை வகுப்பு போய்க்கொண்டிருந்தாள். வகுப்பில் எல்லாரையும்விட மெதுவாகப் படிப்பவள் அவள்தான். ஆனால் விடமாட்டாள். பழக்கத்துக்காக இருக்கட்டுமே என்று மதிய இடைவேளையில் ஏடுகளை எடுத்து எழுத்துக் கூட்டத் தொடங்கினாள்.

முதல் ஏடுகள் சாயம்தான். அதற்குப் பிறகு சாயம் பற்றிய பேச்சே இல்லை.

‘நெடுக்கே ஓடும் பாவு என்பது காலம். அது ஒன்றே. குறுக்கே ஓடும் ஊடை என்பது கதை. அது பல. ஒரு துணியின் பின் இன்னொரு துணி, அதன் பின் இன்னொன்று. நடந்தது முன்துணி. நடந்திருக்கக் கூடியவை பின்துணிகள். எல்லாவற்றுக்கும் பாவு ஒன்றே. ஆகவே கை தேர்ந்தவள் முன்துணியின் ஊடையைப் பின்னால் தள்ளுவாள், பின்துணியின் ஊடையை முன்னால் இழுப்பாள்.’

தப்பாகப் படிக்கிறோமோ என்று அவளுக்குச் சந்தேகம். தன் படிப்பின் மேல் அவளுக்கு என்றைக்குமே சந்தேகம்தான். அந்தப் பத்தியை வகுப்புக்கு எழுதிக்கொண்டு போய்க் காட்டினாள். எழுத்து வாத்தியார் பார்த்துவிட்டு, "சரியாத்தான் படிச்சிருக்கீங்க. எழுதினவனுக்குத்தான் கிறுக்கு," என்றார். எல்லாரும் சிரித்தார்கள். அவளும் சிரித்தாள். மறுநாள் மதியம் அடுத்த ஏட்டை எடுத்தாள்.

செய்முறை தெளிவாகவே இருந்தது. இடம் மாற வேண்டிய இருவரும் கதை நடந்த நாளில் உடுத்திய துணியிலிருந்து ஆளுக்கு ஓர் இழை எடுக்க வேண்டும். உள்ளங்கை அகலத்துக்கு ஒரு துண்டு நெய்ய வேண்டும். நெய்யும்போது கதையை வாய்விட்டுச் சொல்ல வேண்டும். மாற வேண்டிய இடம் வந்ததும், இருந்தவளின் இழையை வெளியே எடுத்து, இருக்க விரும்புகிறவளின் இழையை அங்கே செலுத்த வேண்டும்.

‘வெளியே எடுத்த இழையின் நுனியை முடிச்சிடாதே. தொங்கவிடு. பின்துணி தானே அதை வாங்கிக்கொள்ளும். முடிச்சிட்டால் அது முன்துணியிலேயே காலியான இடத்தில் போய் உட்காரும். நெய்தவள் இரண்டு துணியையும் காண்பாள். மற்றவர் ஒன்றையே காண்பர்.’

அடுத்த ஏட்டில்: ‘முடிச்சிட்டு வருந்துகிறவள் அதை வெட்டலாம். வெட்டினால் எல்லாம் பழையபடி ஆகும்; ஆனால் புதிதாகச் செலுத்திய இழை பிறகு எந்தத் துணியிலும் அந்த இடத்துக்கு வராது.’

இது நடக்கிற காரியமா என்று பெரியவள் தன்னையே கேட்டுக்கொண்டாள். நடக்காது. நடக்காத காரியத்தைச் செய்து பார்ப்பதில் என்ன நஷ்டம் என்று அடுத்த கேள்வியையும் கேட்டாள். அம்மா தங்கை வீட்டில்தான் இருந்தாள். அங்கே போய் அம்மாவின் டிரங்குப் பெட்டியைக் குடைந்தாள்.

சின்னதின் மஞ்சள் கவுன் மேலேயே இருந்தது. மெல்லிய தாளில் சுற்றி, வாசனை உருண்டை போட்டு.

"அம்மா, அன்னிக்கு நான் போட்டிருந்த நீலப் பாவாடை எங்கே?"

"எந்த நீலப் பாவாடை?"

"ஸ்டேஷன்ல போட்டிருந்தேனே."

"அதுவா? அடுப்படித் துணியாச்சு. அப்புறம் தலகாணிக்குள்ள திணிச்சேன்னு நினைக்கிறேன். எதுக்கு இப்போ?"

"சும்மாதான்."

அம்மாவின் தலையணையை ஒரு மூலையில் பிரித்துக் கையை விட்டாள். பஞ்சுக்கும் பழைய காலுறைகளுக்கும் நடுவில், எண்ணெய்க் கறையோடு, அந்த நீலம் கிடைத்தது. தங்கையின் கவுனுக்கு வாசனை உருண்டை. தன் பாவாடைக்கு அடுப்படி, அதற்குப் பிறகு தலையணைக் குழி. இருந்த கொஞ்சநஞ்சத் தயக்கமும் அந்த நேரத்தில் போயிற்று. கவுனிலிருந்தும் பாவாடையிலிருந்தும் ஓர் இழை உருவிக்கொண்டு, பிரித்த மூலையைத் தைத்து, மறக்காமல் நுனியை முடிந்துவிட்டு வந்தாள்.

*

அடுத்த நாள் மதியம் எல்லாரும் சாப்பிடப் போனதும், அட்டையில் கட்டிய சின்னச் சட்டத்தை மடியில் வைத்துக்கொண்டு ஆரம்பித்தாள். அறையில் வேறு யாரும் இல்லை. பழக்கத்தில் துண்டின் பின்பக்கம் தன்னைப் பார்க்கும்படிதான் வைத்திருந்தாள். முதலில் வெட்கமாக இருந்தது. பிறகு அம்மாவின் குரலிலேயே கதை வந்தது. பெட்டிகள், கூட்டம், அறிவிப்பு. காணாமல் போன குழந்தை என்ற இடம் வந்ததும் மஞ்சள் இழையை வெளியே இழுத்து நீல இழையைச் செலுத்தினாள். "பெரியவளைக் காணோம். அப்பா ஓடுகிறார். பெரியவளுக்காக ஓடுகிறார்." இரண்டாவது தடவை சொல்லும்போது அழுதுவிட்டாள். கண் மறைத்தது. கை பாட்டுக்கு வேலையைச் செய்துகொண்டிருந்தது.

முடித்துவிட்டு மூக்கைச் சிந்திக்கொண்டு துண்டைப் பைக்குள் போட்டாள். ஒன்றும் ஆகவில்லை. குழாயில் தண்ணீர் சொட்டியது. நுனி மேடம் ஏப்பம் விட்டுக்கொண்டே உள்ளே வந்தாள். இவ்வளவு பெரிய பொம்பளை, அட்டையை மடியில் வைத்துக்கொண்டு அழுதோமே என்று பெரியவள் தன்னைத் தானே கடிந்துகொண்டு, ராணியின் கன்னத்தை எடுத்து நெய்ய ஊசிக்குக் கையை நீட்டினாள்.

கை தொட்டது ஒரு தகரப் பெட்டியை. மிட்டாய் வந்த பெட்டி. அதற்குள் அவளுடைய வளைந்த ஊசிகள் ஒழுங்காக அடுக்கியிருந்தன.

"என் கறுப்புக் கூடு எங்கே?" என்று பக்கத்துச் சீட்டுக்காரியைக் கேட்டாள்.

"எந்தக் கூடு? இதுலதானேக்கா எப்பவும் வச்சிருப்பீங்க."

பெரியவள் தகரப் பெட்டியை மூடினாள், திறந்தாள். தனக்குப் பயமா சந்தோஷமா என்று அவளால் சொல்ல முடியவில்லை. நடந்துவிட்டது. அப்பா தனக்காக ஓடிவிட்டார். கூட்டைப் பற்றி அப்புறம் பார்த்துக்கொள்ளலாம்.

*

ஞாயிற்றுக்கிழமைக்கு அவள் தலைக்குக் குளித்து நல்ல உடையாக எடுத்து உடுத்திக்கொண்டு போனாள். பரிசு வாங்கப் போகிறவளைப் போல மேசையில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். சாப்பாடு இறங்கவில்லை. குழந்தை எப்போது கேட்கும் என்று பார்த்துக்கொண்டே இருந்தாள். கடைசியில் பொறுக்க முடியாமல் தானே கேட்டாள். "பாட்டியை அந்தக் கதை சொல்லச் சொல்லேன்டி."

"எந்தக் கதை? பெரியம்மா தொலைஞ்ச கதையா?"

"அதேதான்," என்றாள்.

அம்மா நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினாள். "அந்த வயித்தெரிச்சலை ஏன் கேட்கிற? ஏழு கழுதை வயசு இந்தப் பெரிசுக்கு. கைக்குழந்தையா என்ன? பெட்டிகிட்ட நில்லுடின்னா, மிட்டாய்க் கடை பொம்மையைப் பார்த்துக்கிட்டே போயிட்டா."

மேசையில் எல்லாரும் பெரியவளைப் பார்த்துச் சிரித்தார்கள். பழகிப்போன சிரிப்பு.

"அந்த மனுஷன் கண்ணாடியைக் கழட்டிட்டு ஓடினார். நீலமா எது தெரிஞ்சாலும் பிடிச்சார். நீலச் சட்டை போட்ட போர்ட்டர் ஒருத்தரைக் கட்டிப் பிடிச்சு, ‘எங்கே போனே கண்ணே’ன்னு கேட்டாராம். போர்ட்டர் பயந்துட்டார்!"

குழந்தை விழுந்து விழுந்து சிரித்தது. பெரியவளும் சிரித்தாள். ஒத்தைச் செருப்பு போனது. குரல் கம்மிப் போனது. தரையில் உட்கார்ந்து அவர் அழுதார். எல்லாம் அவளுக்காக. கேட்கக் கேட்க உடம்பெல்லாம் சூடாயிற்று. ஆனால் அம்மாவின் குரல் அந்த இடத்தில் உடையவில்லை. வேறு இடத்தில் உடைந்தது.

"ஆனா நான் சொல்ல வந்தது அது இல்ல. இந்தச் சின்னது. நாலு வயசு! நாலு வயசுக் குழந்தை, பெட்டி மேல உட்கார்ந்துக்கிட்டு, கண்ணாடியை ரெண்டு கையாலயும் பிடிச்சுக்கிட்டு, அசையலையே! யாரோ பிஸ்கட் நீட்டினாங்களாம். வாங்கலையாம். ‘அப்பா அசையாதேன்னு சொல்லிருக்காரு’ன்னு சொல்லுச்சாம்." அம்மா கண்ணைத் துடைத்தாள்.

"அந்தப் பிஸ்கட்டுக்குச் சேர்த்து வச்சு இப்போ தின்னுறா அத்தை," என்றார் மாப்பிள்ளை. தோளில் போடு விழுந்தது.

பெரியவளுக்குச் சிரிப்பு நின்றுபோயிற்று. தான் நின்றபோது அது ஒரு வரி. ஏழு வயதுக்காரி பெட்டியருகே நிற்பதில் என்ன இருக்கிறது? தங்கை நின்றதும் அது காவியம். எந்த இடத்தில் கொண்டுபோய் வைத்தாலும் இவள் மட்டும் எப்படி மின்னுகிறாள்?

தங்கை ஏன் பெட்டி மேல் இருக்கிறாள்? அவள் பின்துணிக்கல்லவா போயிருக்க வேண்டும்? பெரியவள் மேசைக்கு அடியில் பையைத் திறந்து அந்தத் துண்டைத் திருப்பிப் பார்த்தாள். மஞ்சள் இழை தொங்கவில்லை. நீல இழை இருந்த பழைய இடத்தில், நுனி மேடம் பார்த்தால் முதுகில் தட்டிக்கொடுக்கும் அளவுக்கு, சின்னதாக, கச்சிதமாக, ஒரு முடிச்சு.

அவள் போட்டதுதான். எப்போது போட்டாள் என்று அவளுக்கே தெரியாது.

*

சமையலறையில் சின்னவள் தட்டுகளைக் கழுவினாள், பெரியவள் துடைத்தாள். ஜன்னல் விளிம்பில், கண்ணாடிப் பெட்டிக்குள், பஞ்சு மெத்தையில், அப்பாவின் கண்ணாடி இருந்தது. ஊசிகளோடு கிடந்து கீறல் விழாத கண்ணாடி. பளபளவென்று.

"உனக்கென்னக்கா," என்றாள் சின்னவள், நுரையைப் பார்த்துக்கொண்டே. "எல்லாரும் என்னைத்தான் ஆஹா ஓஹோங்கிறாங்க. ஆனா அப்பா ஓடினது உனக்காக. எனக்காக அவர் ஒரு தடவைகூட ஓடினதில்ல. ‘சின்னதுதானே, அது இருக்கிற இடத்துல இருக்கும்’னு சொல்லிருவாரு. ஒரு தடவை நான் வேணும்னே ஒளிஞ்சேன், தெரியுமா?"

"மூட்டைக்குப் பின்னாலயா?"

"உனக்கு எப்படித் தெரியும்?"

பெரியவள் தட்டைத் துடைத்துக்கொண்டே இருந்தாள். தான் வருஷக்கணக்காக மென்ற வார்த்தைகள் தங்கை வாயிலிருந்து வருவதைக் கேட்டால் இனிக்கும் என்று நினைத்திருந்தாள். கொஞ்சம் இனிக்கத்தான் செய்தது. பொய் சொல்லக் கூடாது.

"ஆனா ஒண்ணு," என்றாள் சின்னவள். குரல் இறங்கியது. "இதை நான் யார்கிட்டயும் சொன்னதில்ல. அப்பா உன்னைத் தோள்ல போட்டுக்கிட்டு வந்தாரு. கண்ணு தெரியாம, எங்க பெட்டி எதுன்னு தெரியாம, தடவித் தடவி வந்தாரு. நான்தான் கூப்பிட்டேன். என் முன்னால மண்டி போட்டாரு. நான் அவருக்குக் கண்ணாடியைப் போட்டுவிட்டேன். அவர் என் மூஞ்சியையே பார்த்துட்டு, ‘அப்பாடா, முதல்ல தெரியறது நீதான்’ன்னாரு. ‘நீ இங்கேயே இருந்ததாலதான் நான் திரும்பி வந்தேன்’ன்னாரு."

பெரியவளின் கையில் இருந்த துணி நின்றது.

அது அவளுக்குத் தெரியும். ஈரமான முகம், கம்மிப்போன குரல், காதுமடலில் கண்ணாடிக் கொக்கியை மாட்டியபோது தன் விரலில் பட்ட வியர்வை. தூக்கத்தில் தலை தொங்க, அவர் தோளில் கிடந்த மஞ்சள் கவுன். அவர் சொன்னது தன்னிடம். சொல்லுக்குச் சொல் தன்னிடம். யாரும் கேட்கவில்லை என்பதால் அவள் சொல்லவில்லை. சொல்லாததால் அதை ஒரு கதையென்று அவளே எண்ணவில்லை.

இப்போது அவர் தனக்காக ஓடியதை நினைத்துப் பார்க்க முயன்றாள். எதிரே ஓடி வரும் அப்பா. கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு, தன்னைக் கண்டுபிடித்து, வாரித் தூக்கும் அப்பா. வரவில்லை. எவ்வளவு முட்டினாலும் அவளுக்குத் தெரிந்தது பெட்டியருகே இருந்து பார்த்த அவர் முதுகு மட்டும்தான். நெய்தவள் இரண்டு துணியையும் காண்பாள் என்று எழுதியவன், ஒன்றைத்தான் ஞாபகம் வைத்திருப்பாள் என்பதை எழுதாமல் விட்டுவிட்டான். ஊர் வாயில் அப்பா அவளுக்காக ஓடினார். அவளுக்குள் அவர் தங்கைக்காகத்தான் ஓடிக்கொண்டிருந்தார். கையில் இருந்த ஒரே கண்ணாடியையும் தூக்கிக் கொடுத்துவிட்டு அவள் நிற்கிறாள்.

"என்னக்கா, என்னமோ மாதிரி ஆயிட்டே?"

"அந்தக் கண்ணாடியை ஒரு தடவை எடுத்துப் பார்க்கட்டா?"

சின்னவள் ஈரக்கையோடு ஜன்னலுக்கும் அவளுக்கும் நடுவில் வந்துவிட்டாள். "வேணாம்க்கா. தப்பா எடுத்துக்காதே. அதை மட்டும் நான் யாருக்கும் தர்றதில்ல. உனக்காகத்தான் அப்பா ஓடினாரே. இதுவும் வேணுமா?"

பெரியவளுக்கு ரத்தம் தலைக்கேறியது. தன் கண்ணாடியைத் தனக்கே தரமாட்டேன் என்கிறாள்.

கத்தரிக்கோல் பையில் இருந்தது. வெட்டினால் தன் நீல இழை பிறகு எந்தத் துணியிலும் அந்த இடத்துக்கு வராது. அப்பா இனி ஒருபோதும், எந்த உலகத்திலும், தனக்காக ஓடமாட்டார். அவள் அதை நன்றாக யோசித்தாள். குளியலறைக்குள் போய்க் கதவைத் தாழிட்டு, துண்டை விளக்குக்கு நேராகப் பிடித்து, இன்னொரு தடவையும் யோசித்தாள். போர்ட்டரைக் கட்டிப் பிடித்த அப்பா. ‘எங்கே போனே கண்ணே.’ அவரை விட மனம் வரவில்லை. வெளியே தங்கை எதற்கோ சிரித்தாள். ஜன்னல் விளிம்பில் அந்தப் பளபளப்பு ஞாபகம் வந்தது.

பெருந்தன்மையாக விட்டுக்கொடுத்தாள் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. வெட்டியது வயிற்றெரிச்சல்தான். முடிச்சு மிகவும் சின்னது. சத்தமே வரவில்லை.

பைக்குள் கையை விட்டாள். கறுப்புக் கூட்டின் தேய்ந்த ஓரம் விரலில் பட்டது.

*

அடுத்த ஞாயிற்றுக்கிழமை குழந்தை கேட்டது, அம்மா சொன்னாள். மஞ்சள் பை அணைக்கப்பட்டது, பிஸ்கட் தின்னப்பட்டது, மாப்பிள்ளை அடி வாங்கினார், அப்பா சின்னவளுக்காக அழுதார். பெரியவளின் வயிறு வழக்கமான இடத்தில் வழக்கம்போல் எரிந்தது. அது குறைந்துவிடும் என்று நினைத்திருந்தாள். குறையவில்லை. மடியில் கைப்பை இருந்தது, கைப்பைக்குள் கூட்டின் மேல் அவள் கை இருந்தது.

"பெரியம்மா அப்போ எங்கே இருந்தாங்க?"

"அவ எங்கே போவா?" என்று அம்மா ஆரம்பிக்கும்போதே பெரியவள் குறுக்கிட்டாள்.

"பெட்டிகிட்ட நின்னேன். தாத்தாவோட கண்ணாடி என்கிட்டதான் இருந்துச்சு. கண்ணாடி இல்லாம அவருக்கு வழி தெரியல. நான்தான் கூப்பிட்டேன், நான்தான் போட்டுவிட்டேன். போட்டதும் ‘முதல்ல தெரியறது நீதான்’ன்னு சொன்னாரு. உங்கம்மா அப்போ அவர் தோள்ல தூங்கிட்டு இருந்தா. குறட்டை வேற."

அம்மா நாற்காலியை முன்னுக்கு இழுத்தாள்.

"இதை ஏன்டி இத்தனை நாளாச் சொல்லல?" என்றாள் அம்மா.

"நீ ஒரு வரியில முடிச்சுருவே. நான் எங்கே சொல்றது?"

சின்னவள் அக்காவின் கைப்பையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகத்தில் ஒரு சுணக்கம். அது எப்படி இருக்கும் என்று பெரியவளுக்குத் தெரியும். நிலைக்கண்ணாடியில் தினமும் பார்த்த சுணக்கம்தான்.

"அந்தக் கண்ணாடி இன்னும் உன்கிட்ட இருக்காக்கா?"

"இருக்கு."

"எனக்கு ஏனோ அது எங்க ஜன்னல்ல இருந்த மாதிரியே ஒரு நினைப்பு." சின்னவள் தலையை ஆட்டிக்கொண்டாள். "குடேன். ஒரு தடவை பார்க்கிறேன்."

தரக் கூடாது என்றுதான் தோன்றியது. இத்தனை பேர் பார்க்கும்போது என்ன செய்வது? பெரியவள் கூட்டைத் திறந்து, ஊசிகளை ஒதுக்கி, பஞ்சை விலக்கி, கண்ணாடியை எடுத்தாள். மேசைக்கு மேலே நீட்டினாள். சின்னவள் ஒரு பக்கத்துக் கொக்கியைப் பிடித்துக்கொண்டு அதன் வழியே விளக்கைப் பார்த்தாள், மகளைப் பார்த்தாள், கடைசியில் அக்காவைப் பார்த்தாள்.

"பார்த்துட்டியா? குடு," என்றாள் பெரியவள்.

"நீ எங்கேக்கா விட்டே?" என்றாள் சின்னவள்.

அப்போதுதான் பெரியவள் கவனித்தாள். இன்னொரு பக்கத்துக் கொக்கி அவள் விரல்களுக்குள் இறுக்கமாக இருந்தது.